ஃப்ளாஷின் ஸ்பீட் ஃபோர்ஸ் நேரத்தை எந்தப் பக்கம் வளைக்கிறது?

கேள்வி இது: "ஃப்ளாஷ் தொடரில் எதைக் கேட்டாலும் ஸ்பீட் ஃபோர்ஸ் என்கிறார்கள். அது என்னதான்? வேகமாகப் போனால் நேரம் மெதுவாகும் என்று ஐன்ஸ்டீன் சொன்னாரே, அதைத்தான் கதையாக்கியிருக்கிறார்களா? இன்னும் வேகமாக ஓடினால் இறந்தகாலத்துக்குப் போய்விடலாம் என்பதில் கொஞ்சமாவது அறிவியல் இருக்கிறதா?"

தெரியாதவர்களுக்கு ஒரு வரி: ஃப்ளாஷ் என்பவர் டிசி காமிக்ஸின் அதிவேக ஓட்டக்கார நாயகன், ஸ்பீட் ஃபோர்ஸ் அவருக்கு வேகம் தரும் கற்பனையான ஆற்றல் புலம். நடுக் கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். பலரும் தடுமாறும் இடம் அதுதான். ஐன்ஸ்டீன் சொன்னதும் ஸ்பீட் ஃபோர்ஸ் செய்வதும் ஒன்றல்ல, கிட்டத்தட்ட நேர் எதிர்.

சார்பியல் சொல்வது இது. ஒருவர் ஒளிவேகத்தில் 99 சதவீத வேகத்தில் ஒரு சுற்று ஓடிவிட்டு நம்மிடம் திரும்பி வருகிறார். நம் கடிகாரத்தில் ஒரு மணி நேரம் ஆகியிருந்தால், அவர் கையில் கட்டியிருக்கும் கடிகாரத்தில் சுமார் எட்டரை நிமிடம்தான் ஆகியிருக்கும். அவருக்குக் கிடைத்த நேரம் குறைவு. யோசிக்க, சுற்றிப் பார்க்க, முடிவெடுக்க நம்மைவிட அவருக்கு அவகாசம் கம்மி. இது வெறும் காகிதக் கணக்கு இல்லை. 1971 அக்டோபரில் ஹாஃபெலே, கீட்டிங் என்ற இருவர் சீசியம் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றி வந்தார்கள். கிழக்கு நோக்கிப் போன கடிகாரங்கள், தரையில் இருந்தவற்றோடு ஒப்பிட்டால், சராசரியாக 59 நானோவினாடி பின்தங்கியிருந்தன. வளிமண்டலத்தின் மேல் அடுக்கில் பிறக்கும் மியூவான் துகளின் சராசரி ஆயுள் 2.2 மைக்ரோவினாடி. அதற்குள் ஒளியே 660 மீட்டர்தான் போகும். ஆனாலும் மியூவான்கள் பல கிலோமீட்டர் கடந்து தரைக்கு வந்து சேர்கின்றன. அவற்றின் கடிகாரம் மெதுவாக ஓடுவதுதான் காரணம்.

ஃப்ளாஷ் கதையில் என்ன நடக்கிறது? துப்பாக்கி வெடிக்கிறது, தோட்டா அந்தரத்தில் தொங்குகிறது. ஃப்ளாஷ் என்ற பெயரில் ஓடியவர்களில் ஒருவரான பேரி ஆலன் அதை நிதானமாகப் பார்க்கிறார், யோசிக்கிறார், பக்கத்தில் இருப்பவரை இரண்டடி நகர்த்தி வைக்கிறார், திரும்பி வந்து தோட்டாவை விரலால் பிடிக்கிறார். நமக்கு ஒரு நொடிகூட ஆகவில்லை, அவருக்கோ நிறைய நேரம் கிடைத்திருக்கிறது. ஐன்ஸ்டீன் கொடுத்தது குறைவான நேரம், ஸ்பீட் ஃபோர்ஸ் கொடுப்பது அதிகமான நேரம். "அதீத வேகம் என்றாலே கால விரிவுதானே" என்று சொல்லிக் கடந்துபோகிறவர்கள் இந்த ஒரு காட்சியை ஒழுங்காகப் பார்த்தால் போதும்.

அப்போது ஸ்பீட் ஃபோர்ஸை எப்படிப் புரிந்துகொள்வது? கதையின் வரலாற்றை ஒரு நடை பார்த்துவிடலாம், சுருக்கமாக.

முதல் ஃப்ளாஷ் ஜே காரிக், 1940 ஜனவரியில் வந்தார். ஆய்வகத்தில் கனநீர் ஆவியைச் சுவாசித்து வேகம் பெற்றவர். பேரி ஆலன் வந்தது 1956இல், ஷோகேஸ் என்ற காமிக்ஸின் 4ஆம் இதழில். மின்னல் தாக்கி, போலீஸ் ஆய்வகத்தின் ரசாயனங்கள் மேலே கொட்டியதால் அவருக்கு வேகம் வந்தது. 1940களிலேயே ஜானி குயிக் என்று இன்னொருவர் இருந்தார். அவருக்கு ஒரு கணிதச் சூத்திரத்தை வாயால் சொன்னால் வேகம் வந்துவிடும்! ஆளுக்கொரு காரணம், ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் சம்பந்தமே இல்லை. நேரப் பயணமோ ஆரம்பத்திலிருந்தே இருந்தது. பேரி அறிமுகமான அதே 1956 இதழின் இரண்டாவது கதையிலேயே, எதிர்காலத்திலிருந்து வந்த ஒரு குற்றவாளியைத் திருப்பி அனுப்பக் காலத் தடையை உடைத்து ஓடுகிறார். 1961இல் காஸ்மிக் டிரெட்மில் வந்தது. அதன் மேல் ஓடி, உடலின் அதிர்வைச் சரியாக அமைத்தால் வேண்டிய காலத்துக்குப் போகலாம். எந்த ஆற்றல் புலமும் கிடையாது, யாரும் காரணம் கேட்கவும் இல்லை.

காரணம் வந்தது 1994இல். அப்போது ஃப்ளாஷாக இருந்தவர் வாலி வெஸ்ட், பேரியின் மனைவி ஐரிஸின் அண்ணன் மகன். எழுதியவர் மார்க் வெய்ட். வேகக்காரர்கள் எல்லோருக்கும் பின்னால் ஒரே ஆற்றல் ஊற்று இருக்கிறது, கனநீரும் மின்னலும் சூத்திரமும் அதைத் திறக்கும் வெவ்வேறு சாவிகள்தான் என்றார். அதற்கு ஸ்பீட் ஃபோர்ஸ் என்று பெயர் வைத்தார். சிதறிக் கிடந்த ஐம்பது வருடக் கதைகளை ஒரே அடியில் கட்டிப்போட்டார். காமிக்ஸ் உலகில் பின்னால் யோசித்துச் செய்த ஒட்டுவேலைகளில் இவ்வளவு சுத்தமானது ரொம்பக் குறைவு என்பது என் எண்ணம்.

சரி, இப்போது இயற்பியலுக்கு வருவோம்.

பேரி உண்மையிலேயே "வேகமாக ஓடுகிறார்" என்று வைத்துக்கொண்டால் கணக்கு எங்கேயும் நிற்காது. 80 கிலோ எடையுள்ள ஒருவரை ஒளிவேகத்தின் 99 சதவீதத்துக்குக் கொண்டுபோக சுமார் 10,000 மெகாடன் டிஎன்டிக்கு மேல் ஆற்றல் வேண்டும். இதுவரை வெடித்ததிலேயே பெரிய அணுகுண்டான சோவியத் ஒன்றியத்தின் ஜார் பாம்பா 50 மெகாடன். அப்படிப்பட்ட இருநூறு குண்டுகள்! தொடரில் பேரி நிறையச் சாப்பிட வேண்டும் என்று காட்டுகிறார்கள், அவருக்கென்றே தனியாகச் சத்துப் பார்கள் செய்து கொடுக்கிறார்கள். ஓர் இட்லிக்கு 50 கிலோகலோரி என்று வைத்தால், ஒரு முறை அந்த வேகத்தைத் தொட அவர் இரண்டு கோடி கோடி இட்லி சாப்பிட்டாக வேண்டும். சாம்பார் தனி.

அதைவிட நுட்பமான சிக்கல் ஒன்று உண்டு, அதிகம் பேர் பேசாதது. பூமி உருண்டை. அதன் மேற்பரப்பில் நொடிக்கு 7.9 கிலோமீட்டரைத் தாண்டி ஓடினால், ஈர்ப்பு விசையால் உங்களைத் தரையோடு பிடித்து வைக்க முடியாது. காற்றை மறந்துவிட்டால், கால் தரையை விட்டு எழும்பிவிடும். 11.2 கிலோமீட்டரைத் தாண்டினால் பூமிக்கே டாட்டா. ஒளி நொடிக்கு மூன்று லட்சம் கிலோமீட்டர் போகிறது. அந்த வேகத்தில் தெருவில் ஓட வேண்டுமானால் ஏதோ ஒன்று அவரை ஈர்ப்பு விசையைவிட நூறு கோடி மடங்குக்கும் மேலான பலத்தோடு கீழே அழுத்திக்கொண்டே இருக்க வேண்டும்.

இதற்கெல்லாம் ஒரு மாற்று விளக்கம் இருக்கிறது. ஸ்பீட் ஃபோர்ஸ் அவரை வேகமாக ஓட வைக்கவில்லை, அவரைச் சுற்றி நேரத்தை வேகமாக ஓட வைக்கிறது என்று எடுத்துக்கொள்ளுங்கள். அவரைச் சுற்றி ஒரு குமிழி, அந்தக் குமிழிக்குள் கடிகாரம் தாறுமாறாக ஓடுகிறது. அவரைப் பொறுத்தவரை அவர் சாதாரணமாகத்தான் நடக்கிறார். நமக்குத்தான் அது மின்னல் வேகமாகத் தெரிகிறது. என்னைக் கேட்டால், கதையில் வரும் காட்சிகளுக்கு ஒத்துப்போகும் ஒரே விளக்கம் இதுதான். உடல் ஏன் நசுங்கவில்லை? அவருக்குள் நடப்பது சாதாரண நடைதான், கொடூரமான முடுக்கம் எதையும் எலும்பு உணர்வதில்லை. எப்படி யோசிக்கிறார்? மூளைக்கும் அதே வேகமான நேரம்தான். காயம் ஏன் சீக்கிரம் ஆறுகிறது? இரண்டு வாரக் காயம் அவர் கடிகாரப்படி இரண்டு வாரம் எடுத்துக்கொண்டுதான் ஆறுகிறது.

எவ்வளவு வேகமான நேரம்? தோட்டாவையே எடுத்துக்கொள்வோம். கைத்துப்பாக்கித் தோட்டா ஏறத்தாழ நொடிக்கு 350 மீட்டர் போகும். அது அவர் கண்ணுக்கு நொடிக்கு ஒரு சென்டிமீட்டர் ஊர்வதுபோலத் தெரிய வேண்டுமானால், அவர் நேரம் நம்முடையதைவிட 35,000 மடங்கு வேகமாக ஓட வேண்டும். நமக்கு ஒரு நொடி என்றால் அவருக்கு ஒன்பதே முக்கால் மணி நேரம். ஒரு பணயக்கைதி காட்சி முடிவதற்குள் ஆள் தூங்கி எழுந்து, பல் விளக்கி, மறுபடி பசித்து உட்கார்ந்திருப்பார்.

இந்த விளக்கத்துக்கும் விலை உண்டு. எனக்கு இந்தப் புலத்தில் பிடித்ததே இந்த இடம்தான்.

முதல் விலை பார்வை. ஒளி என்பது அதிர்வு. அவர் நேரம் 35,000 மடங்கு வேகமானால், வெளியிலிருந்து வரும் ஒளியின் அதிர்வு அவருக்கு 35,000 மடங்கு மெதுவாகத் தெரியும். 500 நானோமீட்டர் அலைநீளமுள்ள பச்சை ஒளி அவருக்கு 1.75 சென்டிமீட்டர் மைக்ரோ அலை ஆகிவிடும். கண்ணால் பார்க்க முடியாது. பட்டப்பகலில் அவருக்கு உலகம் கும்மிருட்டு. ஏதாவது தெரிய வேண்டுமென்றால் யாராவது எக்ஸ் கதிர் விளக்கு போட வேண்டும், அதுதான் அவருக்குச் சாதாரண வெளிச்சமாகத் தெரியும். ஒலியும் அப்படித்தான். நாம் கத்துவது அவர் காதுக்கு எட்டவே எட்டாது.

இரண்டாவது விலை நமக்கு. அவர் உடம்பும் எல்லோர் உடம்பையும்போல 37 டிகிரி சூட்டில் அகச்சிவப்புக் கதிரை வெளியிட்டுக்கொண்டுதான் இருக்கும். குமிழியை விட்டு வெளியே வரும்போது அந்தக் கதிரின் அதிர்வு 35,000 மடங்கு எகிறி எக்ஸ் கதிராகிவிடும். வெளியே நிற்கும் நமக்கு அவர் ஒரு கோடி கெல்வின் சூடுள்ள பொருளாகத் தெரிவார். சூரியனின் மையமே ஒன்றரைக் கோடி கெல்வின்தான். தோட்டாவிலிருந்து காப்பாற்ற வந்த ஃப்ளாஷ், பக்கத்தில் வந்து நின்றதாலேயே ஆளைக் கருக்கிவிடுவார்.

மூன்றாவது, அதே பழைய ஈர்ப்புச் சிக்கல், வேறு வேஷத்தில். குமிழிக்குள் நொடிக்கு ஒன்றரை மீட்டர் என்று உலாவினாலே வெளியே அது நொடிக்கு 52 கிலோமீட்டர் ஆகிவிடும். ஒரு எட்டு வைத்தால் கால் தரைக்குத் திரும்பாது, ஆள் அப்படியே மிதந்து போய்க்கொண்டே இருப்பார்.

ஆக, கதையில் இந்தப் புலம் நேரத்தை வளைத்தால் மட்டும் போதாது. ஒளியின் நிறத்தைத் திருத்த வேண்டும், வெப்பத்தை உள்ளேயே அடக்க வேண்டும், ஆளைத் தரையோடு ஒட்டி வைக்க வேண்டும், காற்று உரசாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். பழைய கதைகளில் பேரியைச் சுற்றி உராய்விலிருந்து காக்கும் ஒரு பாதுகாப்பு ஒளிவட்டம் இருப்பதாகச் சொல்லிவிட்டார்கள். 1994க்குப் பிறகு அதுவும் ஸ்பீட் ஃபோர்ஸின் கணக்கில் சேர்ந்துகொண்டது. மாயம் என்று சொல்லாமல் புலம் என்று சொல்வதில் இருக்கும் வசதி இதுதான், எதை வேண்டுமானாலும் அதன் தலையில் கட்டலாம்.

நிஜ உலகில் இப்படி நேரத்தை வேகப்படுத்த வழி உண்டா? மெதுவாக்க எத்தனையோ வழி இருக்கிறது. வேகமாகப் போகலாம், கருந்துளைக்குப் பக்கத்தில் போய் நிற்கலாம். வேகப்படுத்துவதுதான் கஷ்டம். ஈர்ப்பு குறைந்த இடத்தில் கடிகாரம் கொஞ்சம் வேகமாக ஓடும். சுமார் 20,000 கிலோமீட்டர் உயரத்தில் இருக்கும் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரம், வேகத்தால் இழப்பதைக் கழித்த பிறகும், நாளொன்றுக்கு 38 மைக்ரோவினாடி முந்திக்கொள்கிறது. அதைத் திருத்தாவிட்டால் கைபேசி வரைபடமே உளறும். ஆனால் இதற்கு ஓர் உச்சவரம்பு இருக்கிறது. பூமியின் ஈர்ப்பை விட்டு முழுக்க விலகிப் போனால்கூட ஆண்டுக்கு 22 மில்லிவினாடிதான் லாபம். 35,000 மடங்கு வேண்டுமென்றால் ஈர்ப்புக்குப் பதில் விலக்கு விசை தரும் எதிர்மறை ஆற்றல் மலைமலையாக வேண்டும். அப்படி எதையும் யாரும் கண்டதில்லை.

இனி இறந்தகாலம். "ஒளிவேகத்தைத் தாண்டினால் நேரம் பின்னால் போகும்" என்பது பாதி உண்மை. ஒளியைவிட வேகமாக ஒரு செய்தி போக முடிந்தால், நகர்ந்துகொண்டிருக்கும் வேறொருவரின் பார்வையில் அது அனுப்புவதற்கு முன்பே போய்ச் சேர்ந்ததாகத் தெரியும். அந்த இன்னொருவரும் அதேபோல ஒரு பதிலை அனுப்பினால், நீங்கள் கேட்பதற்கு முன்பே பதில் உங்கள் கைக்கு வந்துவிடலாம். ஆக, சிக்கல் முழுசாக வர இரண்டு பேர் வேண்டும், ஒருவருக்கொருவர் நகர்ந்துகொண்டும் இருக்க வேண்டும். ஒரே ஆள் டிரெட்மில்லில் வேகத்தைக் கூட்டிக்கொண்டே போய் நேற்றைக்குள் விழுவது என்பது எந்தச் சமன்பாட்டிலும் இல்லை. போதாக்குறைக்கு, நிறையுள்ள எதுவும் ஒளிவேகத்தைத் தொடவே முடியாது. தொட வேண்டுமானால் எல்லையற்ற ஆற்றல் வேண்டும்.

தாண்டுவதுதானே முடியாது, பிறக்கும்போதே அந்தப் பக்கம் பிறந்துவிட்டால்? இப்படிக் கேட்டவர்களில் ஒருவர் நமக்குப் பக்கத்து ஆள். ஈ. சி. ஜி. சுதர்சன் கேரளத்தில் பிறந்தவர், தாம்பரத்தில் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிலும் பிறகு சென்னைப் பல்கலைக்கழகத்திலும் படித்தவர், பின்னாளில் சென்னை கணித அறிவியல் நிறுவனத்தின் இயக்குநராகவும் இருந்தவர். 1962இல் பிலனியுக், தேஷ்பாண்டே ஆகியோரோடு சேர்ந்து அவர் எழுதிய கட்டுரை, எப்போதுமே ஒளியைவிட வேகமாகவே போகும் துகள்கள் சார்பியலுக்கு முரண் இல்லை என்று வாதிட்டது. காலத்தில் பின்னோக்கிப் போவதாகத் தெரியும் துகளை என்ன செய்வது? எதிர்மறை ஆற்றலோடு பின்னோக்கிப் போகும் துகளை, நேர்மறை ஆற்றலோடு முன்னோக்கிப் போகும் துகளாக வாசித்துவிடலாம் என்றார்கள். யார் அனுப்பியவர், யார் பெற்றவர் என்பது மட்டும் இடம் மாறும். 1967இல் ஜெரால்ட் ஃபைன்பெர்க் இவற்றுக்கு டாக்கியான் என்று பெயர் வைத்தார். இன்றுவரை ஒன்றும் அகப்படவில்லை. ஆனால் 2014இல் தொடங்கிய தொலைக்காட்சித் தொடரின் முதல் பருவத்தில், ரிவர்ஸ் ஃப்ளாஷ் என்ற வில்லன் ஓர் ஆய்வகத்திலிருந்து திருடி வேகத்தைக் கூட்டிக்கொள்வது ஒரு டாக்கியான் கருவியை. தாம்பரத்தில் படித்தவரின் யோசனை ஃப்ளாஷின் ஊரான சென்ட்ரல் சிட்டியின் வில்லன் கையில் போய்ச் சேர்ந்திருக்கிறது.

அப்புறம், கதைக்காரர்கள் இந்தப் புலத்துக்கு வைத்த விலை. இயற்பியல் நொண்டினாலும் இதில் சிலர் பிரமாதப்படுத்தியிருக்கிறார்கள். வெய்ட்டின் கதையில் ஸ்பீட் ஃபோர்ஸ் இலவசம் இல்லை. ஒரு வேகத்தைத் தாண்டினால் அது ஆளையே விழுங்கிவிடும், உடல் ஆற்றலாகக் கரைந்துபோகும். மேக்ஸ் மெர்குரி என்ற பாத்திரம் அதைத் தொட்டுப் பார்க்க ஆசைப்பட்டு 19ஆம் நூற்றாண்டில் ஓடத் தொடங்குகிறார். ஒவ்வொரு முறையும் கடைசி நொடியில் தயங்குகிறார், ஒவ்வொரு முறையும் அது அவரைப் பல வருடம் எதிர்காலத்துக்குத் தள்ளிவிடுகிறது. சொந்தக் காலமும் மனிதர்களும் பின்னால் போய்விட, தெரியாத ஊரில் விழுந்து எழுகிறார். கவனியுங்கள், இது முன்னோக்கிய பயணம். ஐன்ஸ்டீனோடு ஒத்துப்போகும் ஒரே நேரப் பயணம் இவருடையதுதான். வாலி வெஸ்ட் உள்ளே போய்த் திரும்பியும் வந்தார். அவரை இழுத்து வந்தது எந்த இயந்திரமும் இல்லை, காதலி லிண்டா பார்க் மேல் இருந்த பாசம். சினிமாத்தனம்தான், ஆனால் அதுவரை ஆறு இதழ்களாக விலையை ஏற்றிக்கொண்டே வந்ததால் அங்கே அது எடுபடுகிறது.

பிறகு 2009இல் ஜெஃப் ஜான்ஸ் எழுதிய கதையில் பேரிதான் ஸ்பீட் ஃபோர்ஸை உற்பத்தி செய்கிறார், ஓடும் ஒவ்வொரு அடியிலும். அப்படியானால் அவருக்கு முன்பே ஓடிய ஜே காரிக்குக்கு அது எப்படிக் கிடைத்தது? புலம் காலத்துக்கு வெளியே நிற்கிறது, இரண்டு பக்கமும் பாய்கிறது என்று வைத்தால்தான் கணக்கு தீரும். தர்க்கத்தில் குறையில்லை. ஆனால் பல ஊர்க்காரர்கள் கண்டெடுத்த ஊற்றை ஒருத்தருடைய வீட்டுக் குழாய் ஆக்கிவிட்டார்கள், எனக்கு அதில் உடன்பாடு இல்லை. 2011க்குப் பிறகு வந்த கதைகளில் இன்னொரு யோசனை வந்தது. காலத்தை முன்னால் தள்ளுவதே ஸ்பீட் ஃபோர்ஸ்தான், பேரி ஓடாமல் இருந்தால் அழுத்தம் சேர்ந்து காலத்திலேயே ஓட்டை விழும். நேரத்தை வளைக்கும் புலம் என்பதைவிட நேரத்தின் எஞ்சின் என்பது பெரிய கற்பனை. அதைப் பெரிதாக வளர்க்காமல் விட்டது வருத்தம்தான்.

தொலைக்காட்சித் தொடரில் ஸ்பீட் ஃபோர்ஸ் பேசும். பேரிக்குத் தெரிந்தவர்களின் முகத்தை அணிந்துகொண்டு வந்து புத்தி சொல்லும். முதல் தடவை, 2016இல் இரண்டாம் பருவத்தில் வந்த அத்தியாயத்தில், அது மனதைத் தொட்டது. இறந்த அம்மாவின் உருவத்தில் வந்து பேசுகிறது, அம்மா இல்லை என்று இருவருக்குமே தெரியும். பின்னால் அடிக்கடி வரத் தொடங்கியதும், பேசுகிற புலத்தோடு பேரம் பேசலாம் என்றாகிவிட்டது, விதி என்று ஒன்று மிஞ்சவில்லை. காலத்தை மாற்றினால் தண்டிக்க வரும் டைம் ரைத்துகள்கூட சில முறை வந்தன, சில முறை மறந்துபோயின.

எங்கிருந்து படிக்கத் தொடங்குவது என்று அடுத்த கேள்வி வரும் என்பதால் அதையும் சொல்லிவிடுகிறேன். 1994-95இல் வந்த வெய்ட்டின் டெர்மினல் வெலாசிட்டி, ஃப்ளாஷ் காமிக்ஸின் 95 முதல் 100 வரையான இதழ்கள். அது பிடித்திருந்தால் 1961இன் டிரெட்மில் கதைக்குப் போங்கள், விளக்கமே இல்லாமல் எவ்வளவு குஷியாக ஓடினார்கள் என்று தெரியும். 2011இன் ஃப்ளாஷ்பாயிண்ட்டைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். அதில் பேரி அம்மாவைக் காப்பாற்றப் பின்னால் ஓடி உலகத்தையே குலைத்துவிடுகிறார். அவர் அதற்கு முன் எதையெல்லாம் மாற்றாமல் விட்டார் என்று தெரிந்த பிறகு படித்தால்தான் அந்தக் கதை உறைக்கும்.